வெள்ளந்தி ஓவியர்கள் என்று யார் சொன்னது? – ஹ்லெபினே கண்ணாடிப் படங்கள்

#1 சுண்ணாம்புச்சுவர்

மூன்று நாளாக ஒரே படத்தை போனில் வைத்துக்கொண்டு சுற்றுகிறேன். இலை இல்லாத ஒரு காடு. கிளைகள் பவளம் மாதிரி பிரிந்து பிரிந்து போகின்றன. நடுவே மான்கள் வரிசை கட்டி ஊர்வலம் போகின்றன. கொஞ்ச நேரம் பார்த்தால் எது கொம்பு, எது கிளை என்று கண்ணுக்குக் குழம்பிவிடும். ‘மான்களின் திருமணம்’ என்று பெயர், 1959. வரைந்தவர் இவான் கெனெராலிச். குரோஷியாவின் வடக்கே, ஹங்கேரி எல்லைப் பக்கம், ஹ்லெபினே என்ற கிராமத்து விவசாயி.

எங்கே படித்தாலும் ‘தானே கற்றவர்’, ‘பள்ளிக்கூடம் தாண்டாதவர்’, ‘மாடு மேய்த்துக்கொண்டே வரைந்தவர்’ என்று ஒரே பாட்டு. எனக்கும் அது பிடித்துத்தான் இருந்தது. அப்புறம் இன்னும் கொஞ்சம் தோண்டினால் ஒரு வாத்தியார் வருகிறார். ஹெகெதூஷிச். பாரிஸ் வரை போய்ப் படித்த ஓவியர். வண்ணம் கொடுத்தது அவர், கண்ணாடியில் தீட்டச் சொன்னது அவர், தலைநகரில் கண்காட்சிக்குக் கொண்டுபோனதும் அவர். இப்போது சொல்லுங்கள், இது தானே கற்றதா?

ஏன் கேட்கிறேன் என்றால், நான் சுவர் விளம்பரம் எழுதிப் பிழைத்தவன். ஃபிளெக்ஸ் வந்து எங்கள் பிழைப்பைச் சுருட்டிக்கொண்டு போகும்வரை பதினெட்டு வருஷம். எனக்கும் யாரும் உட்கார வைத்துச் சொல்லித்தரவில்லை. முதல் இரண்டு வருஷம் பிரஷ் கழுவினேன், சுண்ணாம்பு அடித்தேன், நூல் பிடித்தேன். மேஸ்திரி ‘க’வை எங்கே ஆரம்பித்து எங்கே முடிக்கிறார் என்று ஏணிக்குக் கீழே நின்று பார்த்தே கை வந்தது. என்னைத் தானே கற்றவன் என்று யாராவது சொன்னால் மேஸ்திரி கல்லறையிலிருந்து எழுந்து வந்து அடிப்பார்.

விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

#2 நூலகப்பூனை

நல்ல கேள்வி, ஆனால் சண்டை வரும் கேள்வி. முதலில் கதையை வரிசையாக வைத்துவிடுகிறேன்.

க்ர்ஸ்டோ ஹெகெதூஷிச் 1901இல் பிறந்தவர். ஹ்லெபினே அவருடைய தந்தைவழி ஊர், சின்ன வயதில் அங்கே இருந்திருக்கிறார். குரோஷியத் தலைநகர் ஸாக்ரெபில் படித்து, 1926 முதல் 1928 வரை பாரிஸில் இருந்தார். போய் வந்தவர் பாரிஸ் பாணியைத் தூக்கிக்கொண்டு வரவில்லை, அதன்மேல் ஒரு கோபத்தோடு வந்தார். 1929இல் கட்டடக் கலைஞர் த்ராகோ இப்லர் போன்றவர்களோடு சேர்ந்து ‘ஸெம்ல்யா’ என்ற குழுவைத் தொடங்கினார். ஸெம்ல்யா என்றால் மண், பூமி. இடதுசாரிக் குழு. வெளிநாட்டு மோஸ்தரைக் காப்பியடிக்காதே, உன் காலத்தையும் உன் மண்ணையும் வரை என்பது அவர்கள் பேச்சு. அந்தக் குழுவை 1935இல் போலீஸ் தடை செய்தது.

1930இல் ஹெகெதூஷிச் ஹ்லெபினே வந்தபோது கெனெராலிச்சைப் பார்க்கிறார். பையனுக்கு 15 வயது. கூடவே ஃபிரான்யோ ம்ராஸ், கொஞ்சம் மூத்தவர், 20 வயது. இரண்டு பேரும் விவசாயக் குடும்பம். மறுவருஷமே, 1931இல், ஸாக்ரெப் கலைக்கூடத்தில் ஸெம்ல்யா கண்காட்சியில் இவர்கள் படங்களும் தொங்குகின்றன. ஒரு வருஷத்தில்!

ஹெகெதூஷிச்சுக்கு இது தர்மகாரியம் இல்லை, ஒரு வாதம். திறமை என்பது மேட்டுக்குடிச் சொத்தல்ல, கலப்பை பிடிக்கிற கையிலும் இருக்கிறது என்று காட்ட வேண்டியிருந்தது. அந்த அர்த்தத்தில் பையன்கள் அவருடைய சாட்சிகள். சாட்சியை வக்கீல் தயார் செய்தாரா என்பதுதான் சுண்ணாம்புச்சுவர் கேட்கிற கேள்வி. செய்தார் என்றுதான் நான் சொல்வேன். வண்ணம் கலக்கச் சொல்லித்தந்தார், கண்ணாடியைக் காட்டினார், அச்சுப்படம் பார்த்து வரைவதை விட்டுவிட்டு உன் ஊரை வரை என்று திருப்பிவிட்டார்.

ஆனால் ஒன்று. 1935இல் குழு போய்விட்டது. வாத்தியாரும் அவர் வழியில் போய்விட்டார். ‘மான்களின் திருமணம்’ 1959. நடுவில் 24 வருஷம் யார் சொல்லித்தந்தார்கள்?

#3 கறார்க்கந்தன்

நடுவில் சந்தை சொல்லித்தந்தது, பூனையாரே.

கொஞ்சம் கசப்பாகப் பேசுகிறேன், மன்னிக்கவும். 1930களில் கெனெராலிச் என்ன வரைந்தார்? ‘பறிமுதல்’ என்று ஒரு படம், 1934. வரி பாக்கிக்காக அதிகாரிகள் வந்து ஏழை வீட்டு மாட்டை ஓட்டிக்கொண்டு போகிறார்கள். 1936இல் பக்கத்து ஊரான ஜெலெகோவெட்ஸில் நடந்த விவசாயிகள் கலகத்தை வரைந்தார். அந்தப் படங்களில் ஆட்களுக்கு முகத்தில் பசி இருக்கிறது. 1953இல் பாரிஸில் தனிக் கண்காட்சி, பிரெஞ்சு எழுத்தாளர் மார்செல் அர்லான் முன்னுரை எழுதுகிறார், உலகப் புகழ். அதற்கப்புறம்? மான், யூனிகார்ன், பவளக்காடு. மாட்டைப் பறிகொடுத்தவன் எங்கே போனான்? சீமான் வீட்டு வரவேற்பறையில் பறிமுதல் படத்தை மாட்டமாட்டார்கள், மானை மாட்டுவார்கள்.

எழுபதுகளில் அந்தப் பக்கத்துக் கிராமங்களில் தீட்டியவர்களுக்குக் கணக்கே இல்லை. பனி, கூரை வீடு, சேவல், வைக்கோல் வண்டி. ஒன்றைப் பார்த்தால் நூறைப் பார்த்த மாதிரி. இதற்குப் பெயர் இயக்கமா, குடிசைத் தொழிலா?

#4 பிரேம்கடை

வணக்கம். தஞ்சாவூரில் சட்டம் போடுகிற கடை வைத்திருக்கிறேன், அப்பா காலத்திலிருந்து. எழுதி அதிகம் பழக்கமில்லை. ஆனால் நீங்கள் இரண்டு பேரும் கண்ணாடியை விட்டுவிட்டுப் பேசுகிறீர்கள், அதனால் உள்ளே வந்தேன்.

கெனெராலிச் படம் கண்ணாடிக்குப் பின்பக்கம் தீட்டியது. நம் ஊர்க் கண்ணாடிப் படமும் அதே முறைதான், 18ஆம் நூற்றாண்டில் சீன வியாபாரிகள் வழியாக வந்தது என்று சொல்வார்கள். ஐரோப்பாவிலும் விவசாயிகள் வீட்டில் இப்படித் தீட்டிய புனிதர் படங்களை மாட்டுவது வெகுகாலமாக இருந்த பழக்கம். ஹெகெதூஷிச் கொண்டுவந்தது புது வித்தை இல்லை. சாமி படத்துக்குப் பயன்பட்டதை மாட்டுக்கும் சாணத்துக்கும் பயன்படுத்தச் சொன்னார், அதுதான் புதுசு.

இதில் என்ன கஷ்டம் என்றால் எல்லாம் தலைகீழ். கேன்வாஸில் முதலில் வானம் பூசி, மேலே மரம் வைத்து, மரத்தின்மேல் இலை வைத்து, கடைசியில் இலையில் ஒரு வெளிச்சப் புள்ளி வைத்துக் கையெழுத்துப் போடுவீர்கள். கண்ணாடியில் கையெழுத்து முதலில், அதுவும் இடவலம் மாற்றி. அப்புறம் வெளிச்சப் புள்ளி. கண்மணிக்கு உள்ளே ஒரு வெள்ளைப் பொட்டு, அதன் பின்னால் கண்மணி, அதன் பின்னால் வெள்ளை விழி, அதன் பின்னால் முகத்தின் தோல். வானம் கடைசி. வானம் பூசியபிறகு ‘அடடா, அந்தக் கிளையில் ஒரு காக்கையை வைத்திருக்கலாமே’ என்று தோன்றினால் தோன்றியதோடு சரி.

கண்ணாடிக்கு அடியில் பென்சில் கோட்டுப் படத்தை வைத்துக்கொண்டு மேலே கோடு இழுப்பார்கள். எண்ணெய் வண்ணம் காயாமல் அடுத்த பூச்சுக்குப் போனால் இரண்டும் கலந்து சேறாகிவிடும். ஈரமாக இருக்கும்போதே பிளேடால் சுரண்டினால் உண்டு, காய்ந்தால் போச்சு. தீட்டுகிறவன் பார்ப்பது படத்தின் முதுகை. முகத்தைப் பார்க்கத் திருப்பித் திருப்பி எடுக்க வேண்டும்.

இதைச் செய்ய முழுப் படமும் கடைசி இலை வரை முன்னாலேயே தலைக்குள் இருக்க வேண்டும். அப்படிப்பட்டவனை வெகுளி, குழந்தை மனசு என்று சொல்கிறார்கள் பாருங்கள், அதற்குத்தான் எனக்குச் சிரிப்பு வருகிறது.

#5 சுண்ணாம்புச்சுவர்

பிரேம்கடை அண்ணா, கும்பிடுகிறேன். வெளிச்சப் புள்ளி முதலில் என்பது எனக்கு உறைக்கவே இல்லை. எழுத்தில் நாங்கள் ஷேடு கடைசியில்தான் கொடுப்போம்.

அந்த மான் படத்தில் கிளைகள் உள்ளேயிருந்து ஒளிர்வது மாதிரி தெரிகிறதே, அதற்கும் கண்ணாடிதான் காரணமா?

#6 பிரேம்கடை

ஆமாம். கேன்வாஸில் வண்ணத்துக்கும் உங்கள் கண்ணுக்கும் நடுவில் காற்றும் தூசியும் இருக்கும். இதில் வண்ணம் கண்ணாடியோடு ஒட்டிக் கிடக்கிறது. ஈரம் உலராத மாதிரியே ஐம்பது வருஷம் இருக்கும். கீழே விழாத வரைக்கும்.

#7 டான்யூப்கரை

நான் வியன்னாவில் இருக்கிறேன். ஸாக்ரெபில் இந்த மாதிரி ஓவியங்களுக்கென்றே இருக்கும் அருங்காட்சியகத்துக்கும் ஹ்லெபினேக்கும் போயிருக்கிறேன், 2020 மார்ச் நிலநடுக்கத்துக்கு முந்தைய வருஷம்.

நான் போனபோது ஸாக்ரெப் மேல்நகரத்தில், ஒரு பழைய மாளிகையின் மாடியில் இருந்தது அந்த அருங்காட்சியகம். சின்னது, ஒரு மணி நேரத்தில் சுற்றிவிடலாம், நான் மூன்று மணி நேரம் நின்றேன். அதன் பெயர் மாறிய கதையே இந்த இழைக்குப் போதும். 1952இல் ‘விவசாயிகள் கலைக்கூடம்’ என்று தொடங்கினார்கள். 1956இல் ‘ஆதிக் கலைக்கூடம்’. 1994இல் ‘குரோஷிய நயீவ் கலை அருங்காட்சியகம்’. முதலில் விவசாயி, அப்புறம் ஆதிவாசி மாதிரி, அப்புறம் வெகுளி. வரைந்தவர்களிடம் யாராவது கேட்டார்களா தெரியவில்லை!

அங்கே என்னை அசைத்தது கெனெராலிச் அல்ல, மியோ கொவாச்சிச். 1935இல் பிறந்தவர், மோல்வே பக்கத்துக் குக்கிராமம். இளைஞனாக கெனெராலிச்சிடம் போய்ச் சேர்ந்தவர். ஆளுயரக் கண்ணாடிகளில் தீட்டுவார். சதுப்புநிலம், வெள்ளம், பன்றி மேய்ப்பவன். மூக்கு கண்ணாடியில் படும் அளவுக்கு நெருங்கிப் பார்த்தேன் (காவலாளி அம்மா தொண்டையைக் கனைத்தார்). பன்றியின் முதுகில் ஒவ்வொரு மயிரும் தனி. மயிர் நுனியில் மட்டும் ஒரு மஞ்சள் ஒளி. பிரேம்கடை அண்ணா சொன்ன கணக்கில் பார்த்தால் அந்த ஆள் முதலில் மயிரை எல்லாம் தீட்டி முடித்துவிட்டுத்தான் பன்றிக்கு வந்திருக்கிறார்.

மறுநாள் ரயிலில் கோப்ரிவ்னிட்சா. அங்கிருந்து ஹ்லெபினே பதினைந்து கிலோமீட்டர் இருக்கும். பஸ் நேரத்தைத் தப்பாகப் படித்துவிட்டு ஒன்றரை மணி நேரம் நிறுத்தத்தில் உட்கார்ந்திருந்தேன். நவம்பர் மாதம். போத்ராவினா என்பது த்ராவா நதிக்கரைச் சமவெளி. ஒரு குன்று கிடையாது. உழுத கருப்பு மண், நீர் தேங்கிய குழிகள், பனிமூட்டம், இலை உதிர்ந்த மரங்கள். மரங்களைப் பாருங்கள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன், ஏனென்றால் அங்கே பார்க்க வேறு எதுவும் இல்லை. அரை மணி நேரத்தில் கிளைகள் பவளமாகத் தெரிய ஆரம்பித்தன. கறார் சொல்வதுபோல அது வரவேற்பறைக்காகக் கற்பனை செய்த காடு மட்டும் இல்லை. குளிர்காலம் முழுக்க வேலை இல்லாத ஒரு சம்சாரி ஜன்னல் வழியாக அதைத்தான் பார்த்துக்கொண்டிருப்பார்.

ஊரில் 1968இல் திறந்த ஓவியக்கூடம் இருக்கிறது. அன்றைக்கு நான் ஒருத்திதான் பார்வையாளர். எனக்காக விளக்கைப் போட்டார்கள், நான் வெளியே வந்ததும் அணைத்தார்கள்.

#8 கறார்க்கந்தன்

அக்கா, பஸ் நிறுத்தத்துப் பவளம் அருமை. ஒப்புக்கொள்கிறேன். ஆனால் பெயர் விஷயத்தில் என் பக்கம்தானே பேசியிருக்கிறீர்கள்?

‘நயீவ்’ என்பதைத் தமிழில் என்னவென்று சொல்வது? ஒரு நண்பர் ‘வெள்ளந்தி ஓவியம்’ என்று எழுதியிருந்தார். எங்கள் ஊரில் வெள்ளந்தி என்று யாரைச் சொல்வோம்? சூது வாது தெரியாதவன், கடையில் மிச்சக் காசை எண்ணாமல் வாங்குகிறவன். சொல்லும்போது பாசம் இருக்கும், பத்திரத்தில் அவனிடம் கைநாட்டும் வாங்கிக்கொள்வோம். அதுதான் இங்கேயும் நடந்தது என்பது என் கட்சி. பாசத்தோடு தலையைத் தடவி, ‘நீ எதையும் கற்காதே, கற்றால் கெட்டுப்போவாய்’ என்று சொல்லிவைப்பது.

#9 இளம்பரிதி

புதுசாகச் சேர்ந்தவன், தப்பாக இருந்தால் மன்னியுங்கள். ஏகலைவனுக்குக்கூட ஒரு மண்பொம்மைத் துரோணர் இருந்தாரே? தானே கற்றவர் என்று யாருமே இல்லை என்றுதானே முடியும்?

#10 கறார்க்கந்தன்

தம்பி, ஏகலைவனிடம் கட்டைவிரலைக் கேட்டார்கள். இங்கே கேட்டது ‘கற்றுக்கொண்டேன் என்று வெளியே சொல்லாதே’ என்பது. உவமை நல்லதுதான், நான் பயன்படுத்திக்கொள்கிறேன்.

#11 மட்டுறுத்துநர்

மகாபாரதத்துக்குத் தனி இழை மூன்று இருக்கிறது. இங்கே குரோஷியாவோடு நிற்கவும். கண்ணாடி பற்றிய பதிவுகளுக்கு நன்றி.

#12 நூலகப்பூனை

கறார் சொன்ன ‘கற்காதே’ விவகாரம் எவ்வளவு தூரம் போனது என்பதற்கு ஒரு உண்மைக் கதை. ஹ்லெபினே அல்ல, அன்றைய யூகோஸ்லாவியாவுக்குள்ளேயே கிழக்கே, இப்போது செர்பியாவில் இருக்கும் ஷித் என்ற ஊர்.

இலியா பஷிச்செவிச், 1895இல் பிறந்த விவசாயி. 62 வயதில், 1957இல், திடீரென்று படம் தீட்ட ஆரம்பிக்கிறார். சிறகு முளைத்த மனிதர்கள், இரண்டு முகம் உள்ளவர்கள், விவிலியம், பொன் நிறப் பின்னணி. ஹ்லெபினே படங்களோடு எந்த ஒட்டும் உறவும் இல்லாத உலகம். மகன் திமித்ரியே யார் தெரியுமா? ஸாக்ரெபில் டான்யூப்கரை அக்கா போனாரே, அந்த அருங்காட்சியகம் ‘ஆதிக் கலைக்கூட’மாக இருந்த காலத்தில் அதன் பொறுப்பாளர், கலை வரலாற்றாளர். மகனுக்குச் சங்கடம் வரக்கூடாது என்று அப்பா ‘போஸில்ய்’ என்ற புனைபெயரில் தீட்டினார். போஸில்ய் என்றால் திருநீற்றுப்பச்சை.

பெயர் மறைத்தும் பலனில்லை. படங்கள் பெயர் வாங்கியதும் புகார் கிளம்பியது. ஒரு கிழ விவசாயி இவ்வளவு நவீனமாக எப்படித் தீட்ட முடியும், மகன்தான் தீட்டி அப்பா பெயரில் ஓட்டுகிறார் என்று பத்திரிகையெல்லாம் சண்டை. கடைசியில் என்ன செய்தார்கள்? 1960களின் நடுவில், எழுபதை நெருங்கிய அந்த மனிதரை ஸாக்ரெபுக்கு வரவழைத்து ஒரு குழுவின் முன்னால் உட்கார வைத்துத் தீட்டச் சொன்னார்கள். தீட்டிக் காட்டினார்.

அதாவது, நன்றாக வரைந்தால் உனக்கு யாரோ சொல்லித்தந்திருக்க வேண்டும், சொல்லித்தந்திருந்தால் நீ அசல் இல்லை. இரண்டு பக்கமும் அடி.

கதையில் இன்னொரு முடிச்சு. அந்த மகன், ‘மாங்கெலோஸ்’ என்ற பெயரில் தானும் ஒரு கலைஞர். படமே இல்லாத கலை. உலக உருண்டைகளைக் கருப்படித்து அதன்மேல் பள்ளிக்கூடத்துக் கையெழுத்தில் வாக்கியங்கள் எழுதுவார். வெகுகாலம் யாருக்கும் சொல்லாமல் செய்துகொண்டிருந்தார். அப்பா படம் தீட்டியதை மகன் செய்தார் என்று ஊர் பழிபோட, மகன் செய்ததோ யாருக்கும் தெரியாத வேறு ஏதோ ஒன்று.

#13 சுண்ணாம்புச்சுவர்

குழுவின் முன்னால் உட்கார்ந்து தீட்டிக் காட்டியதை நினைத்தால் எனக்கு வயிற்றைப் பிசைகிறது. வேலைக்குப் போன புதிதில் ஒரு கடைக்காரர் என்னை நம்பாமல், கடை வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து நான் எழுதி முடிக்கும்வரை பார்த்துக்கொண்டே இருந்தார். அன்றைக்குப் பார்த்து ‘ஜவுளி’யில் ‘ளி’ கோணிக்கொண்டது. காசில் பிடித்துக்கொண்டார்.

#14 டான்யூப்கரை

கறார் மான்களையும் பறிமுதலையும் எதிரெதிராக வைத்தாரே, நடுவில் ஒரு ஆள் விட்டுப்போகிறது. மிர்கோ விரியுஸ்.

1889இல் பிறந்தவர், ஜெலெகோவெட்ஸ் ஊர். கலகம் நடந்த அதே ஊர். முதல் உலகப் போரில் ஆஸ்திரிய-ஹங்கேரிப் படையில் போய் ரஷ்யாவில் கைதியாக இருந்தவர். ஐம்பதை நெருங்கும்போதுதான் முழுமூச்சாகத் தீட்ட வந்தார். 1936இல் கெனெராலிச், ம்ராஸ், விரியுஸ் மூன்று பேரும் ஸாக்ரெபில் சேர்ந்தே கண்காட்சி வைக்கிறார்கள். அவர் தீட்டிய காலம் சில வருஷங்கள்தான். ‘பிச்சைக்காரன்’ என்ற படத்தைத் தேடிப் பாருங்கள், 1938. அழகு என்று சொல்ல அதில் ஒன்றுமே இல்லை. வண்ணம் தடிப்பாக, உடம்பு கட்டை மாதிரி. பாதங்கள் மட்டும் தரையில் நன்றாக ஊன்றியிருக்கும், நிலத்தில் வேலை செய்தவன்தான் அப்படிப் பாதம் வரைவான். 1943இல் ஸெமுன் வதைமுகாமில் இறந்தார்.

1959இல் கெனெராலிச் ‘விரியுஸின் மரணம்’ என்று ஒரு படம் தீட்டினார். மான்களின் திருமணமும் அதே 1959. ஒரே வருஷம், ஒரே கை. கறார், மாட்டைப் பறிகொடுத்தவன் எங்கே போனான் என்று கேட்டீர்களே.

#15 கறார்க்கந்தன்

அந்த வருஷம் நான் கவனிக்கவில்லை அக்கா. மான்களைப் பற்றிச் சொன்னதில் பாதியைத் திரும்ப எடுத்துக்கொள்கிறேன். குடிசைத் தொழில் பற்றிச் சொன்னதை எடுக்கமாட்டேன்.

எனக்குப் பிடித்தவர்களும் இருக்கிறார்கள், நான் ஒன்றும் கல்நெஞ்சன் இல்லை. எமெரிக் ஃபெயெஷ், நோவி ஸாத் நகரத்துக்காரர். பொத்தானும் சீப்பும் செய்து பிழைத்தவர். நோயில் விழுந்தபின் தீட்ட ஆரம்பித்தார். கறுப்பு வெள்ளை அஞ்சலட்டையில் மிலான் தேவாலயத்தைப் பார்த்து, தான் கால் வைக்காத ஊருக்குத் தன் இஷ்டத்துக்கு நிறம் கொடுத்தார். பிரஷ்கூட இல்லை, தீக்குச்சியால். ஜன்னலுக்கு ஜன்னல் ஒரு நிறம். இவருக்கு ஹெகெதூஷிச்சும் இல்லை, கிராமமும் இல்லை. அப்போது இவர் எந்தக் கணக்கில் வருகிறார்?

#16 இளம்பரிதி

பெண்கள் யாருமே இல்லையா? அப்புறம், ஆரம்பிக்க விரும்புகிறவன் யார் யாரைப் பார்க்க வேண்டும்?

#17 நூலகப்பூனை

பெண்கள் என்றால் உடனே சொல்லக்கூடியவர் ஸுஸானா ஹலுபோவா. குரோஷியா அல்ல, செர்பியாவின் கோவாச்சிட்சா. அங்கே ஸ்லோவாக் மொழி பேசும் சம்சாரிகளிடம் இதே மாதிரி ஒரு ஓவிய மரபு உண்டு, யுனெஸ்கோ பட்டியலில் 2024இல் சேர்ந்தது. ஸுஸானாவுக்குக் குழந்தைகள் இல்லை. படம் முழுக்கக் குழந்தைகள்தான். யுனிசெஃப் வாழ்த்து அட்டைகளில் வந்திருக்கின்றன.

யாரைப் பார்ப்பது என்றால், ஹ்லெபினே வட்டாரத்தில் இவான் வெச்செனாய். கோலா என்ற ஊர், த்ராவாவுக்கு அந்தப் பக்கம். சிலுவைக் காட்சியைத் தன் ஊர்ச் சேற்றிலேயே நடத்துவார். வானம் ரத்தச் சிவப்பு, ஆட்களின் விரல்கள் முண்டும் முடிச்சுமாக வேர் மாதிரி இருக்கும். இரவில் பார்க்க வேண்டாம். கெனெராலிச்சின் மகன் யோசிப், அப்பா போல மானோடு நிற்காமல் 1978 கயானா கூட்டுத் தற்கொலையைக் கண்ணாடியில் தீட்டியவர். டிவி செய்தி கிராமத்துக்குள் வந்த பிறகு சேவலை மட்டும் எப்படி வரைவது?

அப்புறம் இவான் லாட்ஸ்கோவிச். இவர் எனக்குத் தனிப்பிரியம். ஏழை வீட்டுப் பையன், ஸாக்ரெபுக்குப் போய்த் தபால்காரராக இருந்தவர். நாளெல்லாம் நகரத்தில் கடிதம் கொடுத்துவிட்டு ராத்திரி தன் கிராமத்தை வரைவார். பேனாக் கோட்டில் மெலிந்து மெலிந்து வானத்துக்குப் போகும் மரங்கள், அடியில் பனியில் அமுங்கிய வீடுகள். ஊரில் இருந்தவர்கள் சேற்றை வரைந்தார்கள், ஊரை விட்டுப் போனவர் பனியை வரைந்தார் என்று நான் நினைத்துக்கொள்வேன். சரியாக இருக்க வேண்டியதில்லை.

ஹ்லெபினேக்கு வெளியே இவான் ரபூஸின், தச்சர். கண்ணாடி கிடையாது, கேன்வாஸ். உருண்டை உருண்டையாக மேகம், மரம், மலை, பூ. ஒரு கோணல் இருக்காது. இழைப்புளி பிடித்த கை என்று பார்த்தாலே தெரியும். அந்தப் பூக்கள் பின்னால் ரோசன்தால் என்ற ஜெர்மன் கம்பெனியின் பீங்கான் தட்டுகளுக்கும் போயின, கறார் திட்டுவதற்கு வசதியாக.

தானே கற்றவரா என்ற கேள்விக்கு என் பதில் இப்போது மாறியிருக்கிறது. கெனெராலிச் ஹெகெதூஷிச்சிடம் கற்றார். பிறகு த்ராகன் காஜி, ஃபிலிப்போவிச், கொவாச்சிச் எல்லாரும் கெனெராலிச்சிடம் கற்றார்கள், வேலை முடிந்த பிறகு அவர் வீட்டுக்குப் போய். அது பட்டறைதான். சுண்ணாம்புச்சுவரின் மேஸ்திரி வைத்திருந்தாரே, அதே மாதிரி. பள்ளிக்கூடம் இல்லை என்பதால் கற்பித்தலே இல்லை என்று நகரத்துக்காரர்கள் எழுதிவிட்டார்கள்.

#18 கறார்க்கந்தன்

ரோசன்தாலைத் திட்டுவதாக இருந்தேன், முந்திக்கொண்டீர்கள். பட்டறை என்ற சொல்லை ஏற்கிறேன். பட்டறை என்றால் சுமாரான வேலையும் வெளியே வரத்தான் செய்யும், அதையும் ஏற்றுக்கொள்ளுங்கள்.

#19 சுண்ணாம்புச்சுவர்

ஒரு வாரம் காணாமல் போனதற்குக் காரணம் இருக்கிறது. கண்ணாடிக் கடையில் ஒன்றுக்கு ஒன்றரை அடித் துண்டு வாங்கி வந்து ஒரு சேவல் தீட்டிப் பார்த்தேன்.

பதினெட்டு வருஷம் பிரஷ் பிடித்த கை, சேவல் என்ன பெரிய விஷயம் என்று நினைத்தேன். கோட்டுப் படத்தை அடியில் வைத்து, வெளிக்கோடு இழுத்து, உடம்பைச் சிவப்பும் கருப்புமாக நிரப்பி, ஒரு நாள் காயவிட்டு, பின்னால் பச்சை வயல், மேலே நீலம். மகள் பார்த்துவிட்டு ‘சூப்பர்ப்பா’ என்றாள். பெருமையாகத் திருப்பினேன்.

சேவலுக்குக் கண் இல்லை. இறகில் ஒரு கோடு இல்லை. கொண்டையில் மடிப்பு இல்லை. சிவப்பாக ஒரு பொதி நின்றது. கண்ணையும் இறகையும் நான் கடைசியாக, உடம்புக்கு மேலே வைத்திருந்தேன், பதினெட்டு வருஷப் பழக்கம். முதுகுப் பக்கத்திலிருந்து பார்த்தால் அத்தனையும் அம்சமாக இருக்கிறது. முகப்பக்கம் ஒன்றும் இல்லை. பிரேம்கடை அண்ணா எழுதியதை நான்கு முறை படித்தவன் நான்.

#20 பிரேம்கடை

எல்லாரும் முதல் கண்ணாடியில் அதைத்தான் செய்வார்கள். தூக்கிப் போடாதீர்கள். கண் இருக்கிற இடத்தில் பின்பக்கமிருந்து ஊசியால் ஒரு பொட்டுச் சுரண்டி, வெள்ளை வைத்துப் பாருங்கள். முழுசாகக் காய்ந்திருந்தால் உரிந்துவிடும், அது உங்கள் அதிர்ஷ்டம்.

சட்டம் என் செலவு. முகவரியைத் தனிமடலில் அனுப்புங்கள்.

#21 சுண்ணாம்புச்சுவர்

காய்ந்திருந்தது அண்ணா. பொட்டு அளவுக்குச் சுரண்டப் போய் ஐம்பது பைசா அளவுக்குப் பெயர்ந்து வந்துவிட்டது. வெள்ளை வைத்தேன். இப்போது சேவல் பேயைக் கண்ட மாதிரி விழிக்கிறது. மகளுக்கு இதுதான் ரொம்பப் பிடித்திருக்கிறது, தரமாட்டேன் என்கிறாள்.

அடுத்ததற்கு இன்று காலை உட்கார்ந்தேன். வெறும் கண்ணாடி. அதன் நடுவில் ஒரே ஒரு வெள்ளைப் புள்ளி வைத்து, காய்வதற்காக ஜன்னலோரம் சாய்த்து வைத்திருக்கிறேன். வீட்டில் வந்தவர் போனவர் எல்லாம் என்ன கறை, துடைக்கட்டுமா என்று கேட்கிறார்கள்.